வெயிலில்தான் நிறம் வரும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஞாயிறு இணைப்பில் மொட்டை மாடித் தோட்டம் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். பயனுள்ள கட்டுரைதான். ஆனால் புரோமிலியாட் செடியை ‘வீட்டுக்குள் நிழலில் வைக்கும் அழகுச் செடி’ என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். கடலூர், புதுச்சேரிப் பக்கம் இருப்பவர்கள் அதை அப்படியே எடுத்துக்கொண்டால், இந்த ஊர் வெயிலுக்குப் பொருத்தமான ஒரு செடியை இழந்துவிடுவார்கள் என்பதால் இதை எழுதுகிறேன்.

எங்கள் வீடு கடலூர் முதுநகரில், துறைமுகத்துக்குப் பக்கம். 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் அடித்ததில் கொல்லையில் இருந்த மாமரமும் முருங்கையும் போய்விட்டன. அதோடு நிழலும் போயிற்று. உப்புக்காற்று, மணல் தரை, சித்திரை வெயில் மூன்றுக்கும் ஈடுகொடுக்கிற செடி எது என்று தேடித்தான் புரோமிலியாடுக்கு வந்தேன். அன்னாசியும் இந்தக் குடும்பம்தான். அதை யாராவது கூடத்து மூலையில் வைத்து வளர்ப்பார்களா?

இந்தக் குடும்பத்தில் 3,000க்கும் மேற்பட்ட இனங்கள் உண்டு. ஒன்றே ஒன்றைத் தவிர மற்ற எல்லாவற்றுக்கும் அமெரிக்கக் கண்டங்கள்தான் பூர்வீகம். காட்டுமர நிழலில் தொற்றி வளர்வதும் உண்டு, கடற்கரை மணலில் வெயில் காய்வதும் உண்டு. எக்மியா பிளான்செட்டியானா என்கிற பெரிய ரகம் பிரேசிலின் பஹியா கடலோரத்தைச் சேர்ந்தது. நிழலில் வைத்தால் வெறும் பச்சையாக நிற்கும். நல்ல வெயில் பட்டால் இலை முழுக்க ஆரஞ்சும் மஞ்சளுமாக மாறிவிடும். நியோரெகீலியா என்கிற இன்னொரு புரோமிலியாட் வகையில் ‘ஃபயர்பால்’ என்று ஒரு குட்டை ரகம். ஒரே தாய்ச்செடியிலிருந்து பிரித்த கன்றுகளில் ஒன்றை மாடிக் கைப்பிடிச் சுவரோரமும் இன்னொன்றை மாடிப்படிக்குக் கீழேயும் வைத்திருக்கிறேன். மேலே இருப்பது மிளகாய்ப் பழம் மாதிரிச் சிவந்து, இலை குட்டையாக, தட்டாக விரிந்திருக்கிறது. கீழே இருப்பது பச்சை. இலை நீண்டு தொய்ந்து, பார்க்கிறவர்கள் வேறு செடி என்றே நினைக்கிறார்கள். கடும் வெளிச்சத்திலிருந்து தன்னைக் காத்துக்கொள்ள இலை ஆந்தோசயனின் என்கிற நிறமியைக் கூடுதலாக உண்டாக்குவதால் வரும் சிவப்பு அது.

சிக்கல் எங்கே என்றால், நர்சரிகளில் எல்லா ரகத்தையும் ஒரே பச்சை வலைக்குக் கீழே வைத்து விற்கிறார்கள். எது வெயிலுக்கு என்று கேட்டால், “எல்லாம் தாங்கும், எடுத்துட்டுப் போங்க” என்கிறார்கள். தாங்காது. குஸ்மேனியா என்கிற நிழல் ரகத்தை மாடியில் வைத்தால் சீக்கிரமே காகிதமாகிவிடும். கையால் தொட்டுப் பார்த்தாலே ஓரளவு தெரியும். இலை மெல்லிசாக, வழவழப்பாக, ஓரத்தில் முள் இல்லாமல் இருந்தால் பெரும்பாலும் நிழல் ரகம். விறைப்பாக, ஓரத்தில் முள்ளோடு, சாம்பல் பூத்தாற்போல இருந்தால் வெயில் ரகம்.

வெயில் ரகமே ஆனாலும், வலைக்குக் கீழே இருந்ததைக் கொண்டுவந்த அன்றே மாடியில் வைத்தால் இலை வெளுத்துக் கருகும். முதலில் காலை வெயில் மட்டும்; அப்புறம் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்ட வேண்டும். கத்திரி சமயத்தில் நியோரெகீலியாவுக்கு மதியம் வலை கட்டிவிடுகிறேன். எக்மியாவுக்கு அதுவும் வேண்டியிருப்பதில்லை.

வெறும் செம்மண் ஆகாது. மழைக்காலத்தில் இறுகி அடி அழுகிவிடும். தேங்காய் மட்டைத் துண்டு, உடைந்த செங்கல், கொஞ்சம் கரி போதும். யூரியா போட்டால் பச்சைதான் ஏறும், நிறம் போய்விடும். முக்கியமாக, தாமிரம் கலந்த பூச்சிக்கொல்லி, பூஞ்சைக்கொல்லி எதுவும் கூடாது. போர்டோ கலவை மற்ற செடிகளுக்கு நல்லது, இதற்கு விஷம்.

அடுத்து கொசு. இலைகளின் நடுவில் கிண்ணம் போலத் தண்ணீர் நிற்பதால் டெங்கு ஆய்வுக்கு வருகிறவர்கள் செடியையே தூக்கிப் போடச் சொல்கிறார்கள். அவர்கள் பயம் நியாயமானது. ஏடிஸ் கொசுவுக்கு அவ்வளவு தண்ணீர் தாராளம். ஆனால் முட்டை கொசுவாக மாற ஏறத்தாழ ஒரு வாரம் ஆகும். வாரம் இரண்டு முறை ஹோஸ் பைப்பை நடுவில் பிடித்து, பழைய தண்ணீர் வழிந்தோடும்படி அடித்துவிட்டால் புழு தங்காது. எங்கள் போர் தண்ணீர் இலையில் வெள்ளையாக உப்புப் படிய வைப்பதால், இப்படி அலசுவது செடிக்கும் நல்லது. மண்ணெண்ணெய் மட்டும் ஊற்றாதீர்கள். இலையின் மேலுள்ள நுண்செதில்கள்தான் நீரை உறிஞ்சுகின்றன. எண்ணெய் பட்டால் அவை அடைத்துக்கொள்ளும்.

இன்னொன்று, பூத்த செடி மெல்லக் காய்ந்து போவது இதன் இயல்பு. நோய் என்று பிடுங்க வேண்டாம். அடியில் கன்றுகள் வரும். தாயில் மூன்றில் ஒரு பங்கு உயரம் வளர்ந்ததும் பிரித்து நடலாம்.

புதுச்சேரி தாவரவியல் பூங்கா 1826இல் தொடங்கியது. வெளிநாட்டுச் செடிகளைப் பழக்கப்படுத்திய அனுபவம் அங்கே உண்டு. வெயில் ரகம், நிழல் ரகம் என்று பெயர்ப் பலகையோடு ஒரு சிறு பாத்தியை அங்கே போட்டால், வாங்கப் போகிறவர்கள் முதலில் போய்ப் பார்த்துக்கொள்ளலாம். நர்சரிக்காரர்கள் தொட்டியில் ஒரு சீட்டு செருகினாலே பாதிச் செடிகள் பிழைக்கும். தங்கள் இணைப்பில் அந்த ஒரு வரியையும் திருத்தி வெளியிட்டால் நன்றி.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
கடலூர் முதுநகர்.