முதல் பாட்டில் தண்ணீர்: திருச்செங்கோட்டு ரிக் வண்டிக்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்

போர்வெல் போடும் ரிக் வண்டி உரிமையாளர்களுக்கும், வண்டியோடு வடக்கே போகும் டிரில்லர் அண்ணன்மாருக்கும், ராடு மாற்றும் தம்பிகளுக்கும் வணக்கம்.

நான் உங்களில் பாதி ஆள். என் அப்பா முப்பது வருடம் டிரில்லர். பன்னிரண்டாம் வகுப்பு முடித்த கையோடு நானும் இரண்டு சீசன் ஹெல்பராக வண்டி ஏறினேன். "இது உனக்கு ஆகாதுடா" என்று அப்பாவே இறக்கிவிட்டு ஜியாலஜி படிக்க அனுப்பினார். இப்போது தண்ணீரைப் பரிசோதிக்கும் ஆய்வுக்கூடம் ஒன்றில் வேலை பார்க்கிறேன். அதனால் கம்ப்ரஸர் சத்தமும் தெரியும், பாட்டிலில் வந்து நிற்கும் தண்ணீரின் கணக்கும் தெரியும். இரண்டுக்கும் நடுவே ஒரு ஓட்டை இருக்கிறது. புதுப் போர் தண்ணீரில் ஆர்செனிக் என்ற விஷம் உண்டா என்று யாரும் பார்க்காமல் விடும் ஓட்டை அது. அதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

2003-ல் சத்தீஸ்கர் போயிருந்தோம். ராஜ்நாந்த்காவ் மாவட்டம், அம்பாகட் சௌக்கியைத் தாண்டி ஒரு சின்ன ஊர். காலையில் தேங்காய் உடைத்து ஆரம்பித்தோம். மதியம் வரைக்கும் வெறும் தூள்தான் பறந்தது. ஊர்க்காரர்கள் முகம் வாடிப்போய் உட்கார்ந்திருந்தார்கள். அப்புறம் திடீரென்று தூள் நனைந்து, சேறாகி, தண்ணீர் பீச்சி அடித்தது. உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, அந்த நேரத்தில் எல்லாருமே குழந்தைகள்தான். தண்ணீர் தெளிந்ததும் ஒரு பாட்டி சொம்பில் பிடித்து முதலில் என் அப்பாவிடம் நீட்டினார். அப்பா குடித்தார். நானும் குடித்தேன். இனிப்பாக இருந்தது. பணத்தை வாங்கிக்கொண்டு மாலையில் அடுத்த பாயிண்டுக்குக் கிளம்பிவிட்டோம்.

அதே சௌக்கி வட்டாரத்தில், கௌடிகாசா என்ற கிராமத்திலும் சுற்றியுள்ள சில ஊர்களிலும் நிலத்தடி நீரில் ஆர்செனிக் இருக்கிறது, மக்களின் தோலில் அதன் அடையாளங்கள் தெரிகின்றன என்று 1999-லேயே ஆய்வுக் கட்டுரை வந்துவிட்டது. நாங்கள் போனது நான்கு வருடம் கழித்து. எங்கள் முதலாளிக்கு அது தெரியாது, கமிஷன் ஏஜென்டுக்குத் தெரியாது. எங்களைக் கூப்பிட்ட ஊருக்குத் தெரிந்திருந்ததா என்பதும் தெரியாது. அந்தப் பாட்டி கொடுத்த தண்ணீரில் என்ன இருந்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. நல்ல தண்ணீராகவே இருந்திருக்கலாம். இந்த விஷம் ஒரு போரில் இருக்கும், ஐம்பது அடி தள்ளிப் போட்ட போரில் இல்லாமலும் இருக்கும்.

ஆர்செனிக் நமக்குப் புதிதல்ல. பாஷாணம் என்று பாட்டிமார் சொன்ன வகைகளில் அதுவும் ஒன்று. மஞ்சள் நிற அரிதாரம், சிவப்பு நிற மனோசிலை இரண்டுமே ஆர்செனிக்கும் கந்தகமும் சேர்ந்த கற்கள்தான். கூத்துக்காரர் அரிதாரம் பூசினார் என்கிறோமே, அந்தச் சொல்லே அந்தக் கல்லின் பெயர். சாப்பாட்டில் கலந்து கொடுத்தால் வாந்தியும் பேதியுமாகச் சில மணி நேரத்திலோ சில நாளிலோ ஆளை முடித்துவிடும். தண்ணீரில் வருவது அந்த வகை இல்லை. அது பத்து, இருபது வருடம் உட்கார்ந்து வேலை பார்க்கும்.

எவ்வளவு இருந்தால் ஆபத்து என்று கேட்பீர்கள். உலக சுகாதார நிறுவனம் 1993-ல் வைத்த அளவு லிட்டருக்கு 10 மைக்ரோகிராம். நம் நாட்டுக் குடிநீர்த் தரமும் அதையேதான் சொல்கிறது. லாரிக் கணக்கில் சொல்கிறேன். பத்தாயிரம் லிட்டர் டேங்கர் லாரிகளைப் பத்தாயிரம் வரிசையாக நிறுத்தி, எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே ஒரு கிலோவைக் கரைத்தால் வருகிற அளவு அது. நாக்குக்கு எப்படித் தெரியும்? நிறம் இல்லை, மணம் இல்லை, ருசி இல்லை. காய்ச்சினாலும் போகாது, தண்ணீர் வற்ற வற்ற மிச்சத்தில் இன்னும் கெட்டியாகும். குளோரின் போட்டாலும், கேண்டில் ஃபில்டரில் வடித்தாலும் போகாது. ஆர்.ஓ. மெஷின் ஓரளவு பிடிக்கும், ஆனால் ஆர்செனிக் எந்த வடிவத்தில் இருக்கிறது என்பதைப் பொறுத்து ஒரு பகுதி நழுவிவிடும்.

உள்ளே போனதும் அது செய்கிற தந்திரத்தை விவசாயம் தெரிந்தவர்களுக்குச் சுலபமாகச் சொல்லலாம். நாம் வயலுக்குப் போடும் மணிச்சத்துக்கு (பாஸ்பரஸ்) ஆர்செனிக் பங்காளி முறை. தனிமங்களின் அட்டவணையில் இரண்டும் ஒரே பத்தியில், ஒன்றுக்குக் கீழே ஒன்று. உடம்பு ஏமாந்து, மணிச்சத்து உட்கார வேண்டிய இடத்தில் இதை உட்கார வைத்துவிடுகிறது. இன்னொரு வடிவம் கந்தகம் உள்ள புரதங்களைப் பிடித்துக்கொண்டு, செல்லுக்குள் நடக்கும் வேலையை நிறுத்துகிறது. கல்லீரல் மெல்ல மாற்றி மாற்றிச் சிறுநீரில் அனுப்பப் பார்க்கும். மிஞ்சியது முடியிலும் நகத்திலும் போய்ச் சேரும். அதனால்தான் ஆய்வுக்கு நகத்தை வெட்டி வாங்குகிறார்கள்.

வெளியே முதலில் தெரிவது தோலில். மார்பிலும் முதுகிலும் கறுப்பும் வெளுப்புமாகப் புள்ளிகள், புழுதியில் நாலு மழைத்துளி விழுந்த மாதிரி. அப்புறம் உள்ளங்கையும் உள்ளங்காலும் தடித்துக் கடினமாகி, பருப்பு பருப்பாக முடிச்சு விழும். ராடு பிடித்துப் பிடித்து உங்கள் கையும் காய்த்துத்தான் இருக்கிறது. ஆனால் கனமாக எதையும் தூக்காத பெண்ணுக்கும், செருப்புப் போட்டே நடப்பவருக்கும், இரண்டு கையிலும் இரண்டு காலிலும் ஒரே மாதிரி காய்த்திருந்தால் சந்தேகப்பட வேண்டும். 1983-ல் கல்கத்தாவின் வெப்பமண்டல மருத்துவக் கல்லூரியில் தோல் மருத்துவர் கே.சி. சாஹா இப்படிப்பட்ட கைகளைப் பார்த்துத்தான் இது தண்ணீரிலிருந்து வருகிறது என்று பிடித்தார். ஊரில் அதைக் குஷ்டம் என்று நினைத்து ஒதுக்கினார்கள். கல்யாணம் தட்டிப்போனது, பிள்ளைகளைப் பள்ளியில் தள்ளி உட்காரவைத்தார்கள். கை கால் மரத்துப்போவது, கல்லீரல் கெடுவது, இதய நோய், கடைசியில் தோல், நுரையீரல், சிறுநீர்ப்பை மூன்றிலும் புற்றுநோய். இதற்கென்று நிரூபிக்கப்பட்ட முறிவு மருந்து இல்லை. தண்ணீரை மாற்ற வேண்டும், நல்ல சாப்பாடு சாப்பிட வேண்டும், அவ்வளவுதான்.

தண்ணீரை மாற்றினாலும் பழைய கணக்கு உடனே தீராது. சிலி நாட்டின் அன்டோஃபகாஸ்டா நகரத்தில் 1958-ல் புது ஆற்றுத் தண்ணீர் கொண்டுவந்தார்கள். அதில் லிட்டருக்கு 800 மைக்ரோகிராமுக்கு மேல் ஆர்செனிக். 1970-ல் சுத்திகரிப்பு நிலையம் வந்துவிட்டது. ஆனால் நுரையீரல், சிறுநீர்ப்பைப் புற்றுநோய்ச் சாவுகள் அதற்குப் பல பத்தாண்டுகள் பின்னாலும் அங்கே அதிகமாகவே இருந்தன.

பெரிய கதை வங்காளத்துக் கதை. குளத்துத் தண்ணீரைக் குடித்துக் காலராவிலும் பேதியிலும் குழந்தைகள் சாகிறார்கள் என்று வங்கதேசத்தில் 1970-களிலிருந்து யுனிசெஃப் உதவியோடு குழாய்க் கிணறுகள் போட்டார்கள். அங்கே ரிக் கிடையாது. மூங்கில் சாரம் கட்டி, இரும்புக் குழாயை மேலும் கீழுமாக ஆட்டி, ஒருவர் மேலே உட்கார்ந்து குழாய் வாயை உள்ளங்கையால் மூடி மூடித் திறப்பார். சேறு மேலே ஏறும். கைதான் வால்வு! முதல் முறை அந்தப் படத்தைப் பார்த்தபோது நம் ஆட்களுக்குக் காட்ட வேண்டும் என்று தோன்றியது. நல்ல எண்ணத்தோடு, மலிவாக, வேகமாகச் செய்த வேலை அது. தண்ணீரில் கிருமி இல்லை என்று பார்த்தார்கள். ஆர்செனிக் உண்டா என்று யாரும் பார்க்கவில்லை. இமயத்திலிருந்து ஆறுகள் கொண்டுவந்த வண்டலில், இரும்புத் துருவோடு ஒட்டிக்கொண்டு ஆர்செனிக் இருந்தது. மக்கிய செடி கொடிகள் அடியில் புதைந்து, காற்று இல்லாத நிலை உண்டாகி, துரு கரைந்தபோது அதுவும் நீரில் இறங்கியது. 2000-ல் உலக சுகாதார நிறுவனத்தின் இதழில் வந்த கட்டுரை, வரலாற்றிலேயே ஒரு மக்கள் கூட்டத்துக்கு நேர்ந்த மிகப்பெரிய நச்சுப் பாதிப்பு என்று இதைச் சொன்னது. மூன்றரைக் கோடியிலிருந்து ஏழு கோடியே எழுபது லட்சம் பேர் வரை ஆபத்தில் என்று கணக்கு. அப்புறம் ஏறக்குறைய 50 லட்சம் கிணறுகளைச் சோதித்து, கெட்ட குழாய்க்குச் சிவப்பும் நல்ல குழாய்க்குப் பச்சையும் அடித்தார்கள். சுமார் 14 லட்சம் குழாய்கள் சிவப்பாயின.

இதில் ஒரு வழக்கும் உண்டு. 1992-ல் பிரிட்டிஷ் நிலவியல் ஆய்வு நிறுவனம் அந்நாட்டுத் தண்ணீரில் பல தனிமங்களைச் சோதித்தது, ஆர்செனிக்கைச் சோதிக்கவில்லை. பாதிக்கப்பட்ட ஒருவர் லண்டன் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். அந்தத் தண்ணீரைக் குடித்தவர்களுக்கு அந்த நிறுவனம் சட்டப்படி கடமைப்பட்டதல்ல என்று 2006-ல் தள்ளுபடி ஆனது.  உங்கள் மேல் வழக்கு வரும் என்று பயமுறுத்த இதை எழுதவில்லை.

"அது சேற்று நிலம், நாங்கள் போடுவது பாறையில்" என்று சொல்வீர்கள். சரிதான். ஆனால் சௌக்கி பாறை நிலம்தான். கர்நாடகத்தில் யாத்கிர் மாவட்டத்துக் கிரதள்ளி தாண்டா என்ற லம்பாடிக் குடியிருப்பும் பாறை நிலம்தான். அதன் பக்கத்தில் மங்களூர் என்ற ஊரில் (கடற்கரை மங்களூர் இல்லை, இது வேறு) பழைய தங்கச் சுரங்கம் ஒன்று உண்டு. தங்கம் இருக்கிற பாறைப் பட்டைகளில் ஆர்செனிக்கும் கந்தகமும் இரும்பும் சேர்ந்த கனிமம் அடிக்கடி கூடவே இருக்கும். காற்றும் நீரும் பட்டால் அது கரைந்து விரிசல் வழியே ஊற்றில் சேரும். அந்தத் தாண்டாவில் தண்ணீரில் வந்த ஆர்செனிக்கால் புற்றுநோய் வரைக்கும் போயிருக்கிறது. நம் வண்டிகள் ஆப்பிரிக்காவுக்கும் போகின்றன அல்லவா, புர்கினா ஃபாசோவின் தங்கப் பட்டையில் போட்ட போர்களிலும் இதே கதை பதிவாகியிருக்கிறது.

அந்தக் கனிமத்தைச் சுத்தியலால் அடித்தால் பூண்டு வாசம் வரும் என்று கல்லூரியில் காட்டினார்கள். ஆனால் போர் போடும்போது மோப்பம் பிடித்துக் கண்டுபிடிக்கலாம் என்று யாரும் நம்பிவிடாதீர்கள். வாசம் வராத இடத்திலும் தண்ணீர் கெட்டிருக்கும்.

கேட்க வந்தது இதுதான். குடிக்கப் போடும் போர் என்றால், தண்ணீர் தெளிந்ததும் கொஞ்ச நேரம் ஓடவிட்டு, சுத்தமான ஒரு லிட்டர் பிளாஸ்டிக் பாட்டிலில் பிடியுங்கள். அதே தண்ணீரால் இரண்டு முறை அலசிவிட்டு, கழுத்து வரை நிரப்பி மூடுங்கள். மேலே ஊர், தேதி, ஆழம், எந்த அடியில் ஊற்று தட்டியது, தூள் என்ன நிறம் என்று எழுதி ஊர்க்காரர் கையில் கொடுங்கள். மாவட்டத்துக் குடிநீர்ப் பரிசோதனைக் கூடத்தில் "ஆர்செனிக் பாருங்கள்" என்று பெயர் சொல்லிக் கேட்கச் சொல்லுங்கள். பெயர் சொல்லிக் கேட்காவிட்டால் உப்பு, கடினத்தன்மை, ஃபுளோரைடோடு நிறுத்திவிடும் இடங்கள் உண்டு. பாட்டிலை வாரக்கணக்கில் வைத்திருக்கக் கூடாது. தண்ணீரில் உள்ள இரும்பு துருவாகப் படியும்போது ஆர்செனிக்கையும் இழுத்துக்கொண்டு அடியில் உட்கார்ந்துவிடும், சோதனையில் குறைவாகக் காட்டும். கூடத்தில் ஒரு துளி அமிலம் விட்டு வைப்பார்கள். முடிவு வரும்வரை துணி துவைக்கலாம், குளிக்கலாம், மாட்டுக்குத் தொட்டி கட்டுவதைத் தள்ளிப்போடலாம். குடிக்க வேண்டாம், சமையலுக்கும் வேண்டாம். கெட்ட தண்ணீரில் அரிசி வேகவைத்தால் சோற்றிலும் ஏறும்.

ஏஜென்ட் சிரிப்பார். "போர் போட வந்தியா, டாக்டர் வேலை பார்க்க வந்தியா?" என்பார். ஒரு பாயிண்டுக்குப் பத்து நிமிடம் கூடப் போகும், டீசல் விலையில் பத்து நிமிடம் என்ன என்று எனக்கும் தெரியும். தங்கப் பட்டை, சௌக்கி மாதிரி ஏற்கெனவே தெரிந்த இடங்களில் மட்டுமாவது ஆரம்பியுங்கள்.

இன்னொன்று. பழைய பில் புத்தகங்களையும் டைரிகளையும் எடைக்குப் போடாதீர்கள். எந்த ஊரில் எத்தனை அடியில் என்ன பாறை, எங்கே தண்ணீர் என்ற கணக்கு சில ஊர்களுக்கு உங்கள் வீட்டுப் பரணில் மட்டும்தான் இருக்கும். சங்கத்தில் ஒரு அலமாரி ஒதுக்கினால் ஞாயிற்றுக்கிழமைகளில் வந்து நானே நகல் எடுத்து, மாநிலவாரியாகப் பிரித்துக் கொடுக்கிறேன்.

அப்பாவின் 2003-ஆம் வருட டைரி என்னிடம் இருக்கிறது. அந்த ஊரின் பெயரை அவர் எழுதவில்லை. "சௌக்கி தாண்டி 8 கி.மீ., ஆலமரம் பக்கம். 285 அடி. கேசிங் 40. தண்ணி 2 இஞ்ச். நல்ல தண்ணி" என்று இருக்கிறது. அந்தப் பக்கம் இந்த சீசன் யாராவது போனால் சொல்லுங்கள். பாட்டில் நான் தருகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் பழைய ஹெல்பர்