இசைப்படம் போடுமுன் மைக்செட்டைப் பாருங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

கேரள-தமிழக எல்லையோரத்து வாயனசாலைகளும் (படிப்பகங்கள்) மன்றங்களும் வெளிநாட்டு இசைப்படங்களைத் திரையிடலாமே என்று தங்கள் ஞாயிறு இணைப்பில் ஒரு யோசனை வந்திருந்தது. நல்ல யோசனை. உதாரணத்துக்குச் சொன்ன படமும் சரியான படம்தான்: கனடாவில் பிறந்த பாடகி ஜோனி மிட்செல் 1979 செப்டம்பரில் கலிபோர்னியாவின் சாண்டா பார்பரா திறந்தவெளி அரங்கில் நடத்திய கச்சேரியான ‘ஷேடோஸ் அண்ட் லைட்’. ஆனால் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம் பக்கத்து மண்டபங்களில் உள்ள மைக்செட்டில் அதை அப்படியே போட்டால், அரை மணி நேரத்தில் பாதிப்பேர் டீ குடிக்கக் கிளம்பிவிடுவார்கள்.

காரணம் இசையிலேயே இருக்கிறது. ஜோனிக்கு ஒன்பது வயதில் போலியோ வந்து இடது கை பலவீனப்பட்டது. அதனால் கிதார் தந்திகளைத் தன் கைக்கு ஏற்றபடி விதவிதமான சுருதியில் கட்டி வாசிப்பவர். அப்படி எழுகிற கார்டுகளில் (ஒரே நேரத்தில் ஒலிக்கும் சுரக்கூட்டுகள்) பல, எந்த ஆதாரத்திலும் உட்காராமல் அந்தரத்திலேயே நிற்கும். இந்தக் கச்சேரியில் அவற்றுக்கு அடி போட்டுக் கொடுப்பது ஜாகோ பஸ்டோரியஸின் பேஸ் கிதார், அதாவது தாழ்ந்த சுரங்களுக்கான கிதார். வீணையில் மெட்டுகளைப் பிடுங்கிவிட்ட மாதிரி, அவர் கிதாரில் ஃப்ரெட் கிடையாது. சுரம் வழுக்கிக்கொண்டே போகும். இன்னொரு கிதார் வாசித்த பாட் மெத்தனிக்கு அப்போது 25 வயது. கீபோர்டில் லைல் மேஸ், சாக்ஸபோனில் மைக்கேல் பிரெக்கர், டிரம்ஸில் டான் அலையாஸ் எல்லோரும் மேடையில் இருந்தாலும், பேஸ் காதில் விழாவிட்டால் பாட்டு வெறும் முணுமுணுப்பாகிவிடும்.

பேஸ் கிதாரின் அடித்தந்தி 41 ஹெர்ட்ஸ். மண்டபச் சுவரில் மாட்டியிருக்கும் ‘காலம்’ (column) எனும் நெட்டை ஸ்பீக்கர் பாக்ஸ்கள் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே அநேகமாக ஊமை. போதாததற்கு, பேச்சு கும்மென்று கேட்கக் கூடாது என்று மிக்ஸரில் ‘லோ’ திருகைக் குறைத்தும், தாழ்ந்த ஒலியை வெட்டும் ‘லோ கட்’ பொத்தானை அழுத்தியுமே வைத்திருப்பார்கள். மிருதங்கத்தில் தொப்பி செத்துப்போய் வலந்தலை மட்டும் தகரமாகக் கேட்பதும் இதனால்தான். (மைக்கே வேண்டாம் என்று நின்ற மிருதங்க வித்வான் பாலக்காடு மணி ஐயரின் ஜில்லாவில் இந்த நிலைமை!) படம் வருகிற சேனலில் லோ கட்டை விடுவித்து, திருகுகளை நடுவில் வையுங்கள். அறிவிப்புக்காகப் போட்ட எக்கோவையும் அணைத்துவிடுங்கள்.

நூறு பேர் உட்காரும் மண்டபத்துக்கு ஸ்டாண்டில் இரண்டு 12 அங்குல பாக்ஸ், கீழே தாழ்ந்த ஒலிக்கென்றே ஒரு 18 அங்குல சப் (சப்வூஃபர்) போதும். கிராஸ்ஓவர், அதாவது ஒலி சப்புக்கும் பாக்ஸுக்கும் பிரியும் இடம், 90 முதல் 100 ஹெர்ட்ஸுக்குள் இருக்கட்டும். சப்பைத் தரையில் வைக்க வேண்டும். மரமேடைக்கு மேல் வைத்தால் பலகை கூடவே அதிரும். மூலையில் தள்ளினால் சில சுரங்கள் மட்டும் வீங்கும். சப் இரண்டு இருந்தால் இடம் வலம் என்று பிரிக்காதீர்கள். இரண்டையும் ஒட்டி வையுங்கள். பிரித்தால், உட்காரும் இடத்தைப் பொறுத்து ஒரு வரிசையில் பேஸ் இடிக்கும், பக்கத்து வரிசையில் காணாமல் போகும். கைபேசியில் டெசிபல் பார்க்கும் செயலிகளை சப்புக்கு நம்ப வேண்டாம், அந்தச் சிறிய மைக் தாழ்ந்த ஒலியைச் சரியாக எடுப்பதில்லை.

அதிகம் நடக்கிற கோளாறு கேபிளில். லேப்டாப்பின் ஸ்டீரியோ ஜாக்கிலிருந்து இரண்டு கறுப்பு வளையம் உள்ள (டிஆர்எஸ்) ஜாக் கொண்ட ஒற்றைக் கேபிளை மிக்ஸரின் பேலன்ஸ்டு உள்ளீட்டில் சொருகுவார்கள். அந்த உள்ளீடு இடது ஒலியிலிருந்து வலது ஒலியைக் கழித்துவிடும். பாடகியின் குரல், பேஸ், கிக் டிரம் மூன்றும் வழக்கமாக நடுவில், அதாவது இரண்டு பக்கமும் ஒரே அளவில் இருப்பவை. கழித்தால் அவை மூன்றும் மறையும். மிச்சம் கைதட்டலும் எதிரொலியும்தான். உடனே ‘டிஸ்க் சரியில்லை’ என்று பழி விழும். லேப்டாப் பக்கம் ஒன்று, மிக்ஸர் பக்கம் இரண்டாகப் பிரியும் கேபிள் வாங்கி இரண்டு சேனலில் கொடுங்கள். புளூடூத் வேண்டவே வேண்டாம். ஒலி பிந்தி வரும். டிரம் குச்சி விழுந்த பிறகு சத்தம் கேட்டால் இந்தப் படத்தில் உட்கார முடியாது.

இன்னொன்று ஹம், அதாவது கரண்டிலிருந்து ஸ்பீக்கரில் வரும் ‘ம்ம்’ இரைச்சல். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், பேஸின் தாழ்ந்த ஜி சுரம் 49. இரண்டும் மோதினால் சுரம் அலைபாயும். புரொஜெக்டர், லேப்டாப், மிக்ஸர் எல்லாவற்றுக்கும் ஒரே இடத்திலிருந்து கரண்ட் எடுங்கள். அப்படியும் போகாவிட்டால் லேப்டாப்புக்கும் மிக்ஸருக்கும் நடுவில் டிரான்ஸ்ஃபார்மர் உள்ள டிஐ பாக்ஸ் (இணைப்புப் பெட்டி) போடுங்கள். பிளக்கின் எர்த் கம்பியை வெட்டுகிற வேலை மட்டும் கூடாது, ஆளையே காவு வாங்கும்.

டைல்ஸ் தரையும் வெறும் சுவரும் சேர்ந்தால் சிம்பல் சத்தம் காதைக் கிழிக்கும். பின்சுவரில் கனத்த திரையோ இரட்டை ஜமுக்காளமோ தொங்கவிட்டால் தேவலை. தாழ்ந்த பேஸை ஜமுக்காளம் தடுக்காது, அது பக்கத்து வீடு வரை போகும்; முன்கூட்டியே சொல்லிவைப்பது மரியாதை.

படம் 4:3 அளவு. புரொஜெக்டர் மெனுவில் அதையே வையுங்கள், அகலத்துக்கு இழுத்தால் எல்லோர் முகமும் பூசணிக்காயாகும். டிவிடியில் 480 வரிதான், எட்டடிக்கு மேல் பெரிதாக்குவது வீண். அசையும் கைகளில் சீப்புப்பல் மாதிரி கோடு தெரிந்தால் பிளேயரில் அந்தக் கோடுகளை நீக்கும் ‘டீஇன்டர்லேஸ்’ அமைப்பைப் போடுங்கள். கச்சேரி நடுவே பழைய ஹாலிவுட் படத் துண்டும் ஓநாய் போன்ற ஒரு மிருகமும் வரும். அது படத்திலேயே உள்ளது. வேறு டிஸ்க் ஓடுகிறதோ என்று ஆபரேட்டர் நிறுத்திவிட வேண்டாம்.

ஆள் வருமுன் ஜாகோ தனியாக வாசிக்கும் பகுதியைப் போட்டுப் பாருங்கள். ஒரு வரியை டிலே கருவியில் சுற்றவிட்டு அதன் மேல் இன்னொன்று வாசிப்பார். கடைசி வரிசையில் நின்று இரண்டு வரியும் தனித்தனியாகக் கேட்டால் செட் தயார். ஒன்றாகக் குழம்பினால் சப்பைச் சற்றுக் குறைத்து மறுபடி கேளுங்கள். கடையில் வாங்கிய டிஸ்க் வீட்டில் பார்க்கத்தான். பொதுத் திரையிடலுக்கு உரிமையாளரின் எழுத்துமூல அனுமதி, நோட்டீஸ் அடிக்குமுன் கையில் இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
மைக்செட், புரொஜெக்டர் வேலை பார்ப்போர்,
கொழிஞ்சாம்பாறை – வேலந்தாவளம், பாலக்காடு மாவட்டம்