இடைக்காலக் காவல் மனுவுக்கும் ஒரு கெடு வையுங்கள்

மும்பை உயர் நீதிமன்றத்தின் மாண்புமிகு தலைமை நீதிபதி அவர்களுக்கு,

வணக்கம். நான் சயான் கோலிவாடாவில் இருக்கிறேன். தாராவி, செம்பூர் பக்கத்துத் தமிழ்க் குடும்பங்களில் யாருக்காவது குடும்ப நீதிமன்றத்தில் வழக்கு என்றால் துணைக்குப் போவேன். ஃபார்ம் நிரப்புவது, வக்கீல் இந்தியில் சொன்னதைத் தமிழில் சொல்வது, அவ்வளவுதான் என் வேலை. விவாகரத்து தாமதமாவது பற்றி எழுத வரவில்லை. வழக்கு முடியும்வரை பிள்ளை யாரிடம் இருப்பது என்று கேட்கும் இடைக்காலக் காவல் மனுவைப் பற்றித்தான்.

இந்து திருமணச் சட்டம் 26-ஆம் பிரிவில் 2001-இல் ஒரு திருத்தம் வந்தது. பிள்ளையின் பராமரிப்பு, படிப்பு சம்பந்தமான இடைக்கால மனுவை, எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் சேர்ந்த 60 நாளுக்குள் கூடுமானவரை முடிக்கச் சொல்கிறது. காவலும் அதே பிரிவில்தான் வருகிறது, ஆனால் இந்த 60 நாள் அதற்குக் கிடையாது. ஸ்கூல் ஃபீஸுக்குக் கெடு உண்டு, பிள்ளைக்கு இல்லை.

விளைவு என்ன? சண்டை போட்ட அன்று பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போனவர் கையே ஓங்குகிறது. பதில் மனுவுக்கு ஒரு வாய்தா, கவுன்சலரிடம் ஒரு வாய்தா, வக்கீல் வரவில்லை என்று ஒரு வாய்தா. அப்புறம் வாதம் வரும்போது, ‘பிள்ளை அங்கேயே பழகிவிட்டது, இனி ஏன் மாற்றணும்?’ என்பார்கள். அந்த நேரத்தில் அது நியாயமாகவும் இருக்கும், அதுதான் கொடுமை. தூக்கிப் போனது அப்பாவானாலும் சரி, திருநெல்வேலிக்கு ரயிலேறிய அம்மாவானாலும் சரி, கதை ஒன்றுதான். ஐந்து வயது முடியாத பிள்ளை சாதாரணமாகத் தாயிடம் இருக்க வேண்டும் என்கிறது 1956-ஆம் ஆண்டின் இந்து இளவர் மற்றும் காப்பாளர் சட்டம். மனு கிடப்பில் கிடந்தால் அந்த ஐந்து வயதே தாண்டிவிடும்.

ஒரு தாயோடு போயிருந்தேன். மாதக்கணக்கில் மகனைப் பார்க்காதவர், முதல் சந்திப்புக்குப் புது ஷூ வாங்கி வந்திருந்தார், பழைய அளவில். குதிகால் உள்ளே போகவில்லை. “பரவாயில்லம்மா, டைட்டா இருந்தாலும் போட்டுக்கறேன்” என்றான் பையன்.

காவல் கிடைக்காத பெற்றோரும் பிள்ளையோடு அடிக்கடி பேச வேண்டும், நேரில் முடியாவிட்டால் வீடியோ அழைப்பிலாவது பேச வேண்டும் என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. நடைமுறையில் அதற்கும் தனி மனு, தனி வாய்தா.

1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டம் 21-ஆம் பிரிவு விதிகள் வகுக்கும் அதிகாரத்தை உங்களுக்குத் தந்திருக்கிறது. விடுமுறை நாளில் அமர்வு நடத்தவும் அதிலேயே இடம் உண்டு. (பள்ளிக்கு லீவு விடும் மே மாதத்தில் கோர்ட்டுக்கும் லீவு. பிள்ளையோடு நாலு நாள் இருக்க உத்தரவு கேட்பவர் ஏப்ரலுக்குள் வாங்கினால் உண்டு.)

இடைக்காலக் காவல் மனுவுக்கும் 60 நாள் வையுங்கள். அதுவரை காத்திருக்காமல், இருதரப்பும் வரும் முதல் வாய்தாவிலேயே வாரம் ஒரு சந்திப்பும் தினமும் பத்து நிமிட வீடியோ அழைப்பும் தானாகக் கிடைக்கட்டும். அடி உதை, வேறு ஆபத்து என்று புகார் இருந்தால் அதை முதலில் விசாரித்து, தேவையென்றால் கவுன்சலர் முன்னிலையில் மட்டும் சந்திக்க விடலாம், அல்லது நிறுத்தியே வைக்கலாம். கோடை விடுமுறையில் இந்த மனுக்களுக்கு மட்டும் ஓர் அமர்வு உட்கார வேண்டும். மார்ச்சுக்குள் அறிவிக்கை வந்தால் வருகிற மே மாதத்துக்கே உதவும்.

இப்படிக்கு,
சயான் கோலிவாடாவிலிருந்து ஒரு தமிழர்