பின்பாட்டு இல்லாத மேடை

அன்புள்ள பாப்பாவுக்கு,

நேற்று போனில் உன் தொண்டை கம்மியிருந்தது. 70 நிமிடம் நீ ஒருத்தியே பாஞ்சாலியாக நிற்கப் போகிறாய் என்று கேட்டதும் ஒரு பக்கம் பெருமை, ஒரு பக்கம் பயம். ராத்திரி தூக்கம் வரவில்லை.

20 வருஷம் நான் பாஞ்சாலி வேஷம் கட்டியிருக்கிறேன். ராத்திரி ஆரம்பித்தால் விடியும்வரை தெருக்கூத்து. ஆனால் உன் 70 நிமிடம்தான் கஷ்டம். எனக்குப் பின்னால் ஆர்மோனியம், மத்தளம், முகவீணை, தாளம் என்று ஒரு கூட்டமே இருந்தது. நான் ஒரு அடி பாடினால் பின்பாட்டுக்காரர்கள் அதை வாங்கிப் பாடுவார்கள். அதற்குள் மூச்சு வாங்கிக்கொள்வேன். ஒருமுறை பாஞ்சாலி துகில் உரிகிற கூத்தில், சபைக்கு இழுத்து வந்த இடத்தில், அடுத்த வரி சுத்தமாக மறந்துவிட்டது. கூத்தை நடத்திச் செல்கிற கோமாளி வேஷக்காரரான கட்டியங்காரன் "ஏன் தாயே இப்படி விக்கித்து நிற்கிறீர்கள்?" என்று உள்ளே புகுந்து, பேச்சோடு பேச்சாக வரியை எடுத்துக் கொடுத்தார். ஜனங்களுக்குத் தெரியவே இல்லை.

உனக்கு அப்படித் தாங்கிப் பிடிக்க ஆள் கிடையாது. அதனால் வசனத்தை வாயால் மட்டும் மனப்பாடம் செய்யாதே. ஒவ்வொன்றையும் ஒரு அடவோடு, அதாவது ஒரு ஆட்டக் கால்வைப்போடு, ஒரு கை அசைவோடு கட்டி வை. வாய் மறந்தாலும் கால் எடுத்துக் கொடுக்கும். பாத்திரம் கழுவும்போதும் சொல்லிப் பார்.

தன்னையே தோற்றவர் என்னை எப்படி வைத்து ஆடலாம் என்று பாஞ்சாலி கேட்கிற இடம் இருக்கிறதே, அங்கே கத்தாதே. ஆரம்பத்தில் நானும் கத்தித்தான் கேட்டேன். "பீஷ்மர் எங்கே உட்கார்ந்திருக்கிறார்? அவரைப் பார்த்துக் கேளுடா" என்றார் வாத்தியார். உன் மேடையில் பீஷ்மரும் இல்லை, துரோணரும் இல்லை. நீ பார்க்கிற இடத்தில்தான் அவர்கள் உட்கார முடியும். ஒத்திகையில் ஆளுக்கொரு நாற்காலி போட்டுப் பழகு, அப்புறம் எடுத்துவிடு. கேட்டுவிட்டு உடனே அடுத்த வரிக்கு ஓடாதே. பீஷ்மர் பதில் தெரியாமல் தடுமாற நேரம் கொடு. உன் மூச்சை அங்கே வாங்கிக்கொள். எனக்குப் பின்பாட்டு கொடுத்த நேரத்தை உனக்கு அவர்தான் கொடுக்க வேண்டும்.

கூந்தல் விரிக்கிற கட்டத்துக்கு எனக்குச் சவுரிதான். உனக்குச் சொந்த முடி. அதை நினைத்தால் இப்போதே கண் கலங்குகிறது பாப்பா.

அம்மா மிளகும் பனங்கற்கண்டும் பொட்டலம் கட்டி வைத்திருக்கிறாள், நாளைக்கு அனுப்புகிறோம். தொண்டை சரியாகும்வரை கிசுகிசுப்பாகக்கூடப் பேசாதே, அதுவும் தொண்டையைக் கெடுக்கும். இரண்டு நாள் வாயைத் திறக்காமல் அடவு மட்டும் போட்டுப் பார்.

அப்பா