பதவியைப் பறிக்கும் உரிமை கட்சிக்கு மட்டும்தானா?

ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த ஆவணியில் எங்கள் கிராமத்துக்குத் தொடர்ந்து 4 கிழமை தண்ணீர் பவுசர் வரவில்லை. ஏ9 வீதியிலிருந்து 7 கிலோமீற்றர் உள்ளே இருக்கிறோம். 42 குடும்பம். கிணறுகள் ஆடியிலேயே அடி தட்டிவிடும். மிஞ்சுகிற தண்ணீரும் சவர், பிள்ளைக்குப் பால்மா கரைக்க முடியாது. சந்தியில் பாலைமரத்துக்குக் கீழே இருக்கும் கறுப்புத் தாங்கிதான் எங்களுக்குக் குடிதண்ணீர். செவ்வாயும் வெள்ளியும் பிரதேச சபை பவுசர் வந்து அதை நிரப்ப வேண்டும்.

பவுசர் எங்கே போனது என்பது ஊருக்கே தெரியும். எங்கள் வட்டார உறுப்பினரின் மைத்துனர் வீடு கட்டிக்கொண்டிருந்தார். கொங்கிறீற் குழைக்கவும் சுவர் நனைக்கவும் எங்கள் தண்ணீர் போனது. நானும் இன்னும் 3 பெண்களும் உறுப்பினரின் வீட்டுக்கே போய்க் கேட்டோம். சின்ன வயதில் எங்கள் முற்றத்தில் விளையாடிய பிள்ளை, அதனால் தம்பி என்றுதான் கூப்பிட்டேன். "உங்கட ஒழுங்கை ஆருக்குப் புள்ளடி போட்டதெண்டு எனக்குத் தெரியும் அன்ரி" என்றார். படலையைச் சாத்திவிட்டு உள்ளே போய்விட்டார்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் சபைக்கு விண்ணப்பம் எழுதினேன். ஒரு தாள் போதும். மற்றச் சங்கங்களும் தயங்காமல் எழுதுங்கள். பவுசரின் ஓட்டப் பதிவுப் பிரதி வந்தது. வராத 8 நாளுக்கும் எங்கள் கிராமத்தின் பெயர். நீர் வழங்கப்பட்டது என்று எழுதி, பெற்றுக்கொண்டவர் என்ற இடத்தில் கையெழுத்தும் இருக்கிறது. அந்தக் கையெழுத்து எங்கள் 42 வீட்டில் ஒருவருடையதும் இல்லை. அந்தத் தாளை வாசித்த அன்று இரவு எனக்கு நித்திரை வரவில்லை. 2010இல் போரில் இடம்பெயர்ந்தவர்களை வைத்திருந்த செட்டிகுளம் முகாமிலிருந்து திரும்பிவந்து, தறப்பாளுக்குக் கீழே இருந்தபோதுகூட எங்கள் தண்ணீரை எங்கள் பெயரைச் சொல்லி யாரும் எடுத்ததில்லை.

பிரதியோடு தவிசாளரிடம் போனேன். உறுப்பினரை நீக்கத் தனக்கு அதிகாரம் இல்லை என்றார். செயலாளர், தான் அரச உத்தியோகத்தர், மக்கள் தெரிவுசெய்தவர் மீது கைவைக்க முடியாது என்றார். கட்சி அலுவலகத்தில் விசாரிப்பதாகச் சொன்னார்கள். அதோடு சரி.

இங்கேதான் என் மனம் ஆறவில்லை. உள்ளூராட்சி உறுப்பினர் ஒருவரைக் கட்சி விலக்கிவிட்டால் அவருடைய ஆசனமும் போய்விடும் என்று தேர்தல் சட்டத்தில் இருக்கிறது. தலைமை சொன்னபடி கை உயர்த்தாதவர்களுக்கு ஒழுக்காற்றுக் கடிதம் எவ்வளவு விரைவாகப் போகிறது என்பதை எல்லோரும் பார்த்திருக்கிறோம். வரவு செலவுத் திட்டம் இரண்டு தடவை தோற்றதால் 2020 மார்கழியில் யாழ்ப்பாண மாநகர முதல்வரே பதவி இழந்தார். கட்சிக்கு மாறாக நடந்தால் பதவி போகும், சபையில் ஆதரவுக் கைகளின் எண்ணிக்கை குறைந்தாலும் பதவி போகும். எங்கள் குடத்துத் தண்ணீரை எடுத்துக் கொங்கிறீற்றில் ஊற்றியவருக்கு மட்டும் ஒன்றும் ஆகாதா?

சட்டமே இல்லை என்று சொல்ல மாட்டேன். 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டத்தின் 185ஆம் பிரிவில் வழி இருக்கிறது. ஓய்வுபெற்ற நீதித்துறை அலுவலர் ஒருவரை நியமித்து விசாரித்து, தவிசாளரையோ உறுப்பினரையோ நீக்கி வர்த்தமானியில் அறிவிக்கலாம். ஆனால் அந்தக் கதவைத் திறக்கும் சாவி அமைச்சரிடம். மாகாணத்தில் அந்தப் பொறுப்பு மாகாண அமைச்சருக்கு உரியது. வட மாகாண சபையின் காலம் 2018 ஐப்பசியில் முடிந்தது, அதன்பிறகு தேர்தல் இல்லை. ஆகவே எல்லாம் ஆளுநரின் மேசைக்குப் போகிறது. அவர் ஜனாதிபதி நியமித்தவர். நாங்கள் புள்ளடி போட்டு அனுப்பிய ஒருவரைப் பற்றி முடிவெடுக்க, நாங்கள் தெரிவுசெய்த ஒருவர்கூட இன்று மாகாண ஆட்சியில் இல்லை.

லண்டனில் இருக்கும் என் தங்கையின் மகளிடம் அங்கே எப்படி என்று கேட்டேன். நாடாளுமன்ற உறுப்பினர் சிறை சென்றாலோ நீண்ட நாள் இடைநிறுத்தப்பட்டாலோ, தொகுதி வாக்காளரில் 10 சதவீதம் பேர் 6 கிழமைக்குள் கையெழுத்திட்டால் ஆசனம் வெறுமையாகிவிடும், 2015ஆம் ஆண்டுச் சட்டம் என்றாள். உள்ளூர் சபை உறுப்பினர்களுக்கு அங்கேயும் அந்த ஏற்பாடு இல்லையாம். எனக்கு அது தலைகீழாகத் தெரிகிறது. நாடாளுமன்ற உறுப்பினரை நாங்கள் தேர்தலுக்குத்தான் காண்கிறோம். வட்டார உறுப்பினரின் பிழை மறுநாள் காலையில் எங்கள் அடுப்படிக்கே வந்துவிடுகிறதே.

2023 பங்குனியிலிருந்து 2025 வைகாசித் தேர்தல் வரை சபைகளில் உறுப்பினர்களே இல்லை, செயலாளர்கள்தான் நடத்தினார்கள். அந்த 2 வருடமும் பவுசர் தவறாமல் வந்தது. அதற்காக உத்தியோகத்தர் ஆட்சியே போதும் என்று எங்கள் ஊரில் இப்போது சிலர் பேசுகிறார்கள். அந்தப் பேச்சு எனக்குப் பயம் தருகிறது. மக்கள் சபை வேண்டும், அது எங்களுக்குப் பதில் சொல்லவும் வேண்டும்.

வட்டார வாக்காளரில் பத்தில் ஒரு பங்கினர் ஆதாரத்தோடு கையெழுத்திட்டால், யாருடைய விருப்பத்துக்கும் காத்திராமல் விசாரணை தொடங்க வேண்டும் என்று சட்டத்தைத் திருத்துங்கள். விசாரணை முடியும்வரை அந்த உறுப்பினர் சபை வாகனங்களின் பக்கம் போகக் கூடாது. அவருடைய பக்கத்தையும் முழுதாகக் கேளுங்கள். தேர்தலில் தோற்றவர்கள் பழி வாங்க இதைப் பிடிப்பார்கள் என்பதும் எனக்குத் தெரியும், அதனால்தான் விசாரிப்பவர் நீதித்துறை அலுவலராகவே இருக்க வேண்டும் என்கிறேன். அறிக்கையைச் சபை அறிவித்தல் பலகையில் தமிழில் ஒட்டுங்கள்.

எங்கள் முறைப்பாட்டில் 67 கையெழுத்து இருக்கிறது. உள்ளூராட்சி உதவி ஆணையாளருக்கும் ஆளுநர் செயலகத்துக்கும் பதிவுத் தபாலில் அனுப்பினேன். சிட்டை இரண்டும் பத்திரமாக இருக்கின்றன. 5 மாதம் ஆகிறது. விசாரணை உண்டா இல்லையா என்று ஒரு வரி எழுதினாலும் போதும், மாதாந்தக் கூட்டத்தில் எல்லோருக்கும் வாசித்துக் காட்டுவேன்.

இப்படிக்கு,
தலைவி, மாதர் கிராம அபிவிருத்திச் சங்கம்,
வன்னி.