வங்கி வழக்கு பற்றி மகளுக்கு

அன்புள்ள மலருக்கு,

அப்பா எழுதுவது. கிருஷ்ணகிரியில் அனைவரும் நலம். போனில் பேசினால் நீ அழுவாய், நான் சத்தம் போடுவேன், காரியம் நடக்காது. அதனால்தான், கடன் பாக்கிக்காக வங்கி உன் மேல் போட்டிருக்கும் வழக்கைப் பற்றி இந்தக் கடிதம்.

"வாய்தா அன்றைக்கு வந்து ஜட்ஜிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறேன்" என்றாயே, அது இந்த வழக்கில் நடக்காது. நீ அனுப்பிய பிராதில், அதாவது வங்கியின் வழக்கு மனுவில், ஆர்டர் 37 என்று போட்டிருக்கிறது. சிவில் நடைமுறைச் சட்டத்தில் பண வழக்கைச் சுருக்கமாக முடிக்கும் முறை அது. கோர்ட்டில் சிரஸ்தாராக, அதாவது தலைமை எழுத்தராக, இருந்து ஓய்வு பெற்றவனுக்கு அந்த எண் ஒன்றே போதும். சாதாரண வழக்கில் எதிருரை தாக்கல் செய்வது பிரதிவாதியின் உரிமை. இதிலோ, எதிர்த்து வழக்காடுவதற்கே நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். சம்மன் கைக்கு வந்த 10 நாளுக்குள், வக்கீலுக்கு அதிகாரம் கொடுக்கும் வக்காலத்துப் போட்டு ஆஜராக வேண்டும். தவறினால் பிராதில் உள்ளதையெல்லாம் நீ ஒப்புக்கொண்டதாக வைத்து வங்கிக்குச் சாதகமாக டிகிரி (தீர்ப்பாணை) கொடுத்துவிடலாம், அப்புறம் ஜப்திதான். ஆஜரானபின் தீர்ப்புக்கான சம்மன் என்று இன்னொன்று வரும். அது வந்த 10 நாளுக்குள் அனுமதி மனுவும் பிரமாணப் பத்திரமும் போக வேண்டும். தாமதத்தை மன்னிக்க விதி உண்டுதான். அதை நம்பி உட்காராதே.

பிரமாணப் பத்திரத்தில் வட்டிக் கொடுமையைப் பற்றிப் புலம்ப வேண்டாம். வட்டி அதிகம் என்ற ஒரே காரணத்துக்காக வங்கிக் கணக்கை நீதிமன்றம் மறுபடி கிளற முடியாதபடி வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தில் 21-ஏ பிரிவு இருக்கிறது. கையெழுத்தே என்னுடையதல்ல என்று எழுதச் சொல்கிறார் உன் சித்தப்பா. அவர் பேச்சைக் கேட்டு இதுவரை ஜெயித்தவர்கள் யாருமில்லை.

உன் பலம், நீ வங்கியிடம் ஒப்படைத்த அந்த மாங்கூழ் இயந்திரம்தான். வங்கியின் கணக்கு விவரத்தை இரண்டு தடவை விரல் வைத்துப் படித்தேன். இயந்திரத்தை ஏற்றிச் சென்ற லாரி வாடகை உன் பெயரில் பற்றாகி இருக்கிறது. இயந்திரத்தை விற்ற பணம் வரவில் எங்கேயும் இல்லை! வாடகையை எழுத மறக்காத கை, விற்ற காசை எழுத மறந்துவிட்டதாம். இதைத் தேதியோடும் பக்க எண்ணோடும் எழுது. "கணக்கில் தவறு இருக்கிறது" என்று பொதுவாகச் சொன்னால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள்.

விசாரித்தே தீர வேண்டிய கேள்வி இருந்தால் பொதுவாக நிபந்தனையில்லாமல் அனுமதி தர வேண்டும். உன் எதிர்வாதத்தில் நீதிமன்றத்துக்கு நம்பிக்கை குறைவாக இருந்தால் பணம் கட்டச் சொல்லி நிபந்தனை போடலாம். வெறும் சாக்கு என்றால் மறுத்துவிடலாம். உச்ச நீதிமன்றம் 1976-லும் 2016-லும் சொன்னதன் சாரம் இதுதான். ஆனால் கடனில் எந்தப் பகுதியை நீ ஒப்புக்கொள்கிறாயோ, அதைக் கோர்ட்டில் கட்டினால்தான் அனுமதி கிடைக்கும். ஆகவே வாங்கியதை வாங்கினேன் என்று எழுது, கட்ட வேண்டியதைக் கட்டு, மீதிக்குச் சண்டை போடு. பணத்துக்கு என் வைப்புத்தொகை இருக்கிறது, வளையலைக் கழற்றாதே.

வக்கீல் கட்டணம் இடித்தால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுக்கலாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி இலவச உதவிக்குப் பெண்களுக்கு வருமான வரம்பு கிடையாது. இதில் கூச்சம் எதற்கு?

வக்காலத்தில் கையெழுத்துப் போட்டு நாளைக்கே கூரியரில் அனுப்பு. இயந்திரத்தை ஒப்படைத்தபோது வாங்கிய ரசீதின் நகலையும் சேர்த்து வை. அசல் உன்னிடமே பத்திரமாக இருக்கட்டும். மாப்பிள்ளையிடம் இன்று இரவே சொல்லிவிடு. பூனாவில் உங்கள் வீட்டுக்கு சம்மன் வந்த செய்தியை அவர் அடுத்தவர் வாயால் கேட்கக் கூடாது.

அன்புடன்,
அப்பா