அந்த அரை மணி நேரத்துக்கு வெளியே: துருவ ஒளிப் பயணம் நடத்தும் நிறுவனங்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பயண ஏற்பாட்டாளர்களுக்கு,

வணக்கம். சென்னையிலிருந்தும் கோவையிலிருந்தும் வடக்கு நார்வேக்குக் குழுக்களை அழைத்துப் போகும் உங்கள் எல்லோருக்கும் சேர்த்தே இதை எழுதுகிறேன். உங்கள் பயண அட்டவணையில் “ஹஸ்கி சவாரி, அரை மணி நேரம்” என்று ஒரு வரி இருக்கிறதே, ஹஸ்கி நாய்கள் இழுக்கும் பனிச்சறுக்கு வண்டியில் போகிற அந்தச் சவாரி, அந்த வரியை மாற்றுங்கள். சவாரியை நீட்டச் சொல்லவில்லை. சவாரிக்கு முன்னும் பின்னும் அந்த நாய்கள் வாழும் இடத்தில் எங்களைக் கொஞ்சம் நிற்க விடுங்கள். எந்தக் கென்னலுக்கு, அதாவது எந்த நாய்ப் பண்ணைக்கு, அழைத்துப் போவது என்பதை, அங்கே நாய்கள் எப்படி இருக்கின்றன என்று பார்த்து முடிவு செய்யுங்கள்.

ஜனவரி தொடக்கத்தில் அம்மாவையும் மகளையும் கூட்டிக்கொண்டு ஒரு குழுவோடு ட்ரோம்சோ போயிருந்தேன். நவம்பர் கடைசியிலிருந்து ஜனவரி நடுப்பகுதி வரை அங்கே சூரியன் அடிவானத்துக்கு மேலே வருவதில்லை. நண்பகலை ஒட்டிச் சில மணி நேரம் ஒரு நீல வெளிச்சம், அவ்வளவுதான். அதற்குள் கென்னல், படகுப் பயணம், அருங்காட்சியகம் எல்லாவற்றையும் முடித்தாக வேண்டும் என்று குழுத் தலைவருக்கு அவசரம். அவர் நிலைமை புரிகிறது. ஆனால் நேரம் போதாமல் போனபோது அவர் கை வைத்தது கென்னலில்தான். நாய்களோடு பழகும் நேரமும், நெருப்பு மூட்டிய கூடாரத்தில் உட்கார்ந்து சூடாக ஏதாவது குடிக்கும் நேரமும் நாங்கள் கட்டிய பணத்திலேயே சேர்ந்தவை. இரண்டையும் விட்டுவிட்டு, “சவாரி முடிஞ்சுதா? பஸ்ஸுக்கு வாங்க” என்று கிளப்பிவிட்டார்கள்.

சவாரிக்கு உடை மாற்றக் காத்திருந்த நேரத்தில் கிடைத்ததைத்தான் நாங்கள் பார்த்தோம். பனிச்சரிவில் வரிசை வரிசையாக மரக்குடில்கள். ஒவ்வொன்றின் மேலும் அந்த நாயின் பெயர் எழுதிய பலகை, உள்ளே வைக்கோல். பாதி நாய்கள் குடிலுக்குள் இல்லை, கூரை மேல் ஏறி நின்றுகொண்டு யார் வருகிறார்கள் என்று பார்த்தன. காலண்டரில் பார்க்கிற நீலக் கண், புசுபுசு ரோம நாயை எதிர்பார்த்து வந்தவர்கள் “இதுவா ஹஸ்கி?” என்று கேட்டார்கள். சவாரிக் கென்னல்களில் பெரும்பாலும் இருப்பது அலாஸ்கன் ஹஸ்கி. தோற்றத்துக்காக வளர்த்த இனமில்லை அது, ஓட்டத்துக்காகவே தலைமுறை தலைமுறையாகக் கலந்து உருவாக்கிய கலப்பு. எடை இருபது, இருபத்தைந்து கிலோதான் இருக்கும். காது ஒன்று நிமிர்ந்தும் ஒன்று மடிந்தும் இருக்கும், நிறமும் ஒவ்வொன்றுக்கு ஒவ்வொரு மாதிரி.

அங்கே வேலை பார்க்கிற பெண் ஒருத்தி என் மகளைக் கூப்பிட்டு ஒரு நாய்க்குச் சேணம் மாட்டக் கற்றுக்கொடுத்தாள். முதலில் தலை உள்ளே போக வேண்டும். அப்புறம் முன்னங்காலை முழங்காலில் மெல்ல மடித்து வார் வழியாக எடுக்க வேண்டும், பிறகு அடுத்த கால். அந்த நாய்க்கு இது அத்துப்படி. மகள் தடுமாறுவதைப் பார்த்து அதுவே காலைத் தூக்கிக் கொடுத்தது. உடம்பு முழுக்க ஒரு நடுக்கம். குளிரில் நடுங்குகிறதா என்று மகள் கேட்டாள். இல்லை, ஓடப் போகிற பரபரப்பு என்றாள் அந்தப் பெண். அதன் விரல் இடுக்கை விரித்து, பனிக்கட்டி ஒட்டியிருக்கிறதா, வெடிப்பு இருக்கிறதா என்று விரலால் தடவிப் பார்த்தாள். நான்கு பாதங்களையும் பார்த்த பிறகுதான் வண்டிக்குக் கொண்டுபோனாள்.

எங்கள் அம்மாவுக்கு நாய் என்றாலே பயம். தெருவில் நாயைப் பார்த்தால் எதிர்ப்பக்கம் போய்விடுவார். அங்கே வயதான நாய் ஒன்று அவர் பக்கத்தில் வந்து முழங்காலில் சாய்ந்துகொண்டு நின்றது. அம்மா அசையவே இல்லை. கையுறையைக் கழற்றாமலே அதன் முதுகில் கை வைத்தார். அடுத்த நிமிடம் எங்கள் பெயரைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

சவாரியைப் பற்றி உங்கள் விளம்பரங்களே போதுமான அளவு பேசுகின்றன. நான் ஒன்றை மட்டும் சொல்கிறேன். புறப்படும் வரை காது கிழிகிற சத்தம், குரைப்பு, ஊளை, வாரை இழுத்துக் குதிப்பு. வண்டியைப் பனியில் நிறுத்தி வைத்திருந்த கொக்கியைப் பிடுங்கி, பிரேக்கிலிருந்து காலை எடுத்ததும் சட்டென்று எல்லாச் சத்தமும் நின்றுவிட்டது. மூச்சு வாங்கும் ஓசை, சறுக்குச் சட்டம் பனியில் உரசும் ஓசை, வேறெதுவும் இல்லை. சாட்டை கிடையாது. ஓடிக்கொண்டே வாயைச் சாய்த்துப் பனியை அள்ளித் தின்று சூட்டைத் தணித்துக்கொள்கின்றன.

ஊருக்குத் திரும்பிப் படங்களைப் போட்டதும் உறவினர்கள் கேட்ட முதல் கேள்வி, “பாவம், நாயைப் போய் வண்டி இழுக்க வைக்கிறார்களே?” என்பதுதான். அந்தக் கேள்வியை நான் மதிக்கிறேன். ஆனால் அது நாளின் தவறான பகுதியைப் பார்த்துக் கேட்கிற கேள்வி. இழுக்கிற அந்த நேரம்தான் பெரும்பாலும் அந்த நாயின் நாளிலேயே சந்தோஷமான நேரம். கேட்க வேண்டியது மீதி நேரத்தைப் பற்றி. ஒரே நாய் ஒரு நாளில் எத்தனை முறை ஓடுகிறது? ஓய்வு நாள் உண்டா? சங்கிலியில் கட்டுகிறார்கள் என்றால் அவிழ்த்து விடுவது எப்போது? சுற்றுலாப் பயணிகள் வராத கோடையில் அதற்கு என்ன வேலை, யார் நடக்கக் கூட்டிப்போகிறார்கள்? இழுக்க முடியாத வயது வந்தபின் எங்கே போகிறது? இந்தக் கேள்விகளை விமானம் ஏறுகிற பயணி கேட்டுப் பயனில்லை. ஆறு மாதம் முன்பே நாற்பது பேருக்கு மொத்தமாகப் பதிவு செய்கிற நீங்கள் கேட்டால் பதில் வரும். நல்ல கென்னல்காரர்கள் இப்படிக் கேட்டால் மகிழ்ச்சியோடு பதில் சொல்வார்கள், ஓய்வுபெற்ற நாய்களைத் தத்துக் கொடுத்த கதைகளையும் சேர்த்தே சொல்வார்கள். மழுப்புகிறவர்களிடம் பதிவு செய்யாதீர்கள்.

இது வீண் பயமில்லை. கனடாவில் விஸ்லர் பக்கத்தில் 2010 குளிர்கால ஒலிம்பிக் முடிந்த பிறகு, ஏப்ரல் மாதம், சவாரி நாய்கள் கூட்டமாகக் கொல்லப்பட்டன. வியாபாரம் சரிந்து நாய்கள் மிகுந்துபோயின என்பதுதான் அப்போது சொல்லப்பட்ட காரணம். 2011 ஜனவரியில் விஷயம் வெளியே வந்து உலகமே அதிர்ந்தது. புதைத்த இடத்திலிருந்து 50-க்கும் மேற்பட்ட உடல்களைத் தோண்டி எடுத்தார்கள். அதன் விளைவாக பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணம் 2012-இல் சவாரி நாய்களுக்கென்றே தனிப் பராமரிப்பு விதிகளைக் கொண்டுவந்தது. கூட்டம் வருகிறபோது நாய்களைப் பெருக்குவதும், கூட்டம் குறைந்ததும் அவை பாரமாகிப்போவதும் எந்த நாட்டிலும் நடக்கக் கூடியதுதான். நம் ஊரிலிருந்து வருடா வருடம் கூடுதல் கூட்டத்தை அனுப்புகிறவர்களுக்கு இதில் பங்கு இருக்கிறது.

கையைக் கடிக்காமல் செய்யக்கூடிய காரியங்களும் இருக்கின்றன. விடுதியிலிருந்து கென்னலுக்குப் போகும் பேருந்து நேரம் எங்களுக்குப் பாட்டுப் போட்டே கழிந்தது. அந்த நேரத்தில் யாராவது நான்கு வார்த்தை சொல்லலாமே. எங்கள் குழுத் தலைவர் சொன்ன ஒரே தகவல், நாய்வண்டி அந்த வடபகுதியின் பழங்குடிகளான சாமி (Sámi) மக்களின் பழம்பெரும் வாகனம் என்பது. அது தவறு. சாமி மக்கள் வண்டி இழுக்கப் பழக்கியது கலைமானை. நாய் அவர்களுக்குக் கலைமான் மந்தையை மேய்க்கத் துணை. சொல்வதற்கு அங்கே உண்மையான கதைகளுக்கா பஞ்சம்? ட்ரோம்சோவில் எல்லோரும் நார்வேயின் துருவப் பயணி அமுண்ட்சென் சிலை முன்னால் நின்று படம் எடுத்தோம். 1911 டிசம்பர் 14 அன்று அவரைத் தென்துருவத்துக்குக் கொண்டு சேர்த்தவை நாய்கள். கிளம்பியவை 52, முகாமுக்குத் திரும்பியவை 11. வழியில் பல நாய்களைக் கொன்று மற்ற நாய்களுக்கும் மனிதர்களுக்கும் உணவாக்குவது என்பது முன்கூட்டியே போட்ட திட்டம். சிலையைக் காட்டுகிறவர்கள் இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

அதே வட நார்வேயில் பிறந்து அலாஸ்காவுக்குப் போனவர் நாய்வண்டியோட்டி லியோன்ஹார்ட் செப்பாலா. 1925 ஜனவரியில் நோம் நகரத்தில் டிப்தீரியா பரவியபோது, ரயில் வந்து நின்ற நெனானாவிலிருந்து ஆயிரம் கிலோமீட்டருக்கும் மேல் மருந்தைக் கைமாற்றிக் கைமாற்றிக் கொண்டுபோனார்கள். சுமார் 20 வண்டியோட்டிகள், 150 நாய்கள், ஐந்தரை நாள். அதில் மிக நீண்ட, மிக ஆபத்தான பகுதியை ஓடியது செப்பாலாவின் அணி. அந்த அணியின் முன்னால் ஓடிய டோகோ என்ற நாய்க்கு அப்போது வயது பன்னிரண்டு. கடைசிக் கட்டத்தில் ஊருக்குள் நுழைந்த வேறொரு அணியின் பால்டோ என்ற நாய்க்குத்தான் நியூயார்க் சென்ட்ரல் பூங்காவில் அதே வருடம் சிலை வைத்தார்கள். பேருந்தில் இதைக் கேட்ட ஒரு குழந்தை கென்னலில் இறங்கியதும் எந்த நாய் முன்னால் ஓடும் என்று தேடாமல் இருக்குமா?

அப்புறம், பாதுகாப்பு விளக்கம். எங்களுக்கு அதை வேகமான ஆங்கிலத்தில் இரண்டு நிமிடத்தில் சொல்லி முடித்துவிட்டார்கள். பின்னால் நின்று வண்டி ஓட்டப் போகிறவர்களில் பாதிப் பேருக்கு அது போய்ச் சேரவில்லை. இறக்கத்தில் பிரேக்கை மிதிக்க வேண்டும், இல்லையென்றால் கயிறு தொய்ந்து வண்டி கடைசி ஜோடி நாய்களின் பின்னங்காலில் போய் இடிக்கும். ஏற்றத்தில் ஒரு காலால் தள்ளி நாய்களுக்கு உதவ வேண்டும். விழப் போனாலும் கைப்பிடியை விடக் கூடாது, விட்டால் நாய்கள் காலி வண்டியோடு ஓடிவிடும். எனக்கு முன்னால் போனவர் இறக்கத்தில் ஒரு கையில் செல்போனைப் பிடித்துப் படம் எடுத்துக்கொண்டிருந்தார். வண்டி நெருங்கியதும் பின்வரிசை நாய் திரும்பிப் பார்த்துவிட்டு ஒதுங்கி ஓடியது. அடிபடவில்லை. ஆனால் அடிபட்டிருக்கலாம். இந்த மூன்று விஷயத்தைக் குழுத் தலைவர் பேருந்திலேயே தமிழில் சொல்லி, இரண்டு பேரையாவது திருப்பிச் சொல்ல வைக்கட்டும்.

வெப்பநிலை பற்றியும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். நமக்கு மைனஸ் பதினைந்து என்றால் பல் கிட்டுகிறது, அந்த நாய்களுக்கு அது ஓடத் தோதான நாள். பூஜ்யத்துக்கு மேலே போனால்தான் அவற்றுக்குச் சிரமம். கடலோர ஊரான ட்ரோம்சோவில் நடுக்குளிர்காலத்திலேயே மழை பெய்து பனி கரைவது உண்டு. அன்றைக்குச் சவாரியைச் சுருக்கினாலோ, சக்கர வண்டிக்கு மாற்றினாலோ, “காசைத் திருப்பிக் கொடு” என்று கென்னல்காரரிடம் உங்கள் ஆட்கள் சண்டைக்கு நிற்கக் கூடாது.

கடைசியாக ஒன்று. திரும்பி வரும் பேருந்தில் எங்கள் குழுவில் இரண்டு குடும்பங்கள் ஊருக்குப் போய் ஹஸ்கிக் குட்டி வாங்கப் போவதாகப் பேசிக்கொண்டிருந்தன. மே மாதச் சென்னையில், அடுக்குமாடி வீட்டில், ஏசி நின்றுபோன மதியத்தில் அந்த நாய் என்ன பாடுபடும் என்று அங்கே சொல்ல ஆளில்லை. 2024-இல் தமிழக அரசு வெளியிட்ட நாய் இனப்பெருக்கக் கொள்கையில், நம் தட்பவெப்பத்துக்கு ஒவ்வாத இனங்களின் பட்டியலில் சைபீரியன் ஹஸ்கியும் இருந்தது. குழுத் தலைவர் இதை ஒரு தடவை சொன்னால் போதும்.

அடுத்த குளிர்காலத்துக்கான அட்டவணையை இப்போதுதான் தயார் செய்துகொண்டிருப்பீர்கள். கென்னலுக்கு அரை நாள் ஒதுக்குங்கள், அருங்காட்சியகத்தை மறுநாள் காலை இருட்டில் பார்த்துக்கொள்கிறோம், அதற்கு வெளிச்சம் தேவையில்லை. கட்டணம் கொஞ்சம் கூடினால் கூட்டிக்கொள்ளுங்கள், ஏன் கூடியது என்பதையும் விளம்பரத்திலேயே எழுதுங்கள். எந்தக் கென்னல், அங்கே நீங்கள் என்ன கேட்டீர்கள், அவர்கள் என்ன சொன்னார்கள் என்பதைப் பதிவு செய்யும்போதே எங்களுக்குத் தெரியப்படுத்துங்கள். அப்படி எழுதுகிற நிறுவனத்தோடு என் அம்மாவை மறுபடியும் அனுப்பத் தயாராக இருக்கிறேன். அவரும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறார்.

இப்படிக்கு,
உங்கள் பயணிகளில் ஒருவர்